கட்டியக்காரனுக்கு ஒரு சால்வை

சென்ற மாதம் எங்கள் அடி அண்ணாமலையில் ‘அர்ச்சுனன் தபசு’ கூத்து நடந்தது. அர்ச்சுனன் தபசு மரத்தில் ஏறுவதற்குள் கட்டியக்காரர் மூன்று முறை தடுக்கி விழுந்துவிட்டார். ஜனங்கள் வயிறு குலுங்கச் சிரித்தார்கள். கிரிவலம் வந்த யாத்ரீகர்கள் சிலர் வழியை மறந்து நின்றே விட்டார்கள்.

பொழுது விடிந்ததும் டீக்கடையில் அவரைக் கண்டேன். முழங்கையில் ரத்தம் கட்டியிருந்தது. “விழறது எல்லாருக்கும் வரும், வாத்தியாரே! தாளம் தப்பாம எழுந்திருக்கணும். அதிலேதான் இருக்கு வேலை” என்றார்.

எனக்கு உடனே ஜே. பி. சந்திரபாபுவின் நினைவு வந்தது.

அவர் 1927-இல் தூத்துக்குடியில் பிறந்தவர். தந்தையார் தேச விடுதலைக்குப் பாடுபட்டவர். அதன் பயனாகக் குடும்பம் இலங்கைக்குப் போக நேர்ந்தது. பிள்ளையின் இளமை கொழும்பில் கழிந்தது. பின்னர் சென்னைக்கு வந்து, 1947-இல் ‘தன அமராவதி’ படத்தில் முதன்முதலாகத் தோன்றினார். சந்தர்ப்பம் தேடி ஸ்டூடியோ வாசல்களில் அலைந்த காலத்தில், மனமுடைந்து உயிரையே மாய்த்துக்கொள்ள முயன்று பிழைத்ததும் உண்டு.

அவருடைய ஹாஸ்யம் நாவோடு நின்றதில்லை. கழுத்து, தோள், இடுப்பு, கால் விரல் எல்லாமே பேசும். மேல்நாட்டு ஆட்டமும், குரலைச் சட்டென்று உடைத்து உச்சத்திற்குத் தாவவிடும் ‘யோட்லிங்’ பாட்டும் அவருக்குக் கைவந்தவை. ‘சபாஷ் மீனா’வில் (1958) இரட்டை வேஷம், அவற்றுள் ஒன்று ரிக்‌ஷாக்காரர். முகம் ஒன்றுதான். ஆனால் நடையைப் பார்த்தே இன்னார் என்று குழந்தையும் சொல்லிவிடும்.

இவ்வித்தை விளையாட்டல்ல. அமெரிக்க நடிகர் பஸ்டர் கீட்டன் 1928-இல் எடுத்த படமொன்றில், வீட்டின் கனத்த முன்சுவர் அப்படியே அவர்மேல் சாய்கிறது. திறந்த ஜன்னல் அவரைச் சுற்றி விழுவதால் உயிர் தப்புகிறார். சிறிது விலகி நின்றிருந்தாலும் அன்றே கதை முடிந்திருக்கும். பார்த்தவர்கள் சிரித்தார்கள், நின்றவருக்கல்லவா கணக்குத் தெரியும்!

இவ்வளவு கணக்கறிந்தவர்களுக்கு, முழுப் படத்தையும் தாமே நடத்த வேண்டும் என்ற ஆசை எழாதா? சந்திரபாபு ‘கவலை இல்லாத மனிதன்’ (1960), ‘குமார ராஜா’ (1961) ஆகியவற்றில் கதாநாயகரானார். 1966-இல் ‘தட்டுங்கள் திறக்கப்படும்’ படத்தைத் தாமே டைரக்ட் செய்து நடித்தார். கீட்டன் காலமானதும் அதே வருஷம்தான். தட்டிய கதவு போதிய அளவு திறக்கவில்லை. அதற்கு முன்பே ‘மாடி வீட்டு ஏழை’ என்ற படம் பாதியில் நின்று, அவரைக் கடனில் ஆழ்த்தியிருந்தது. 1974 மார்ச் 8-ஆம் தேதி, தமது நாற்பத்தாறாம் வயதில் மறைந்தார்.

அவரிடம் நாம் பத்து நிமிஷச் சிரிப்பைத்தான் கேட்டோம். அவரோ அதற்கு மேலும் தர ஆயத்தமாக இருந்தார்.

கூத்து முடிந்தபோது ஊர்ப் பெரியவர்கள் அர்ச்சுனனுக்குச் சால்வை போர்த்தினார்கள். கட்டியக்காரர் அப்போது திரைக்குப் பின்னால் முழங்கையில் எண்ணெய் தேய்த்துக்கொண்டிருந்தார். அடுத்த வருஷம் இரண்டு சால்வைகள் வாங்க வேண்டும் என்று கமிட்டியாரிடம் சொன்னேன். “பணம்?” என்றார்கள். இரண்டாவது சால்வை என் பொறுப்பு என்று ஒப்புக்கொண்டு வந்திருக்கிறேன்.