பேப்பர் யாருடையது?

கொல்லிமலையின் 70 கொண்டை ஊசி வளைவுகளைக் கடந்து ஆலத்தூர் நாட்டு டீக்கடைக்கு வரும் பேப்பரில் தலைவர்கள் படம் தாராளம். மிளகு விலைக்குத்தான் இடமில்லை. ‘தினத்தந்தி’ நிறுவனர் சி.பா. ஆதித்தனார் சபாநாயகராகவும் அமைச்சராகவும் இருந்தார். அதிலாவது ஒளிவுமறைவு இல்லை. 2007 மே 9 வேறு கதை. தி.மு.க. தலைவர் கருணாநிதியின் அரசியல் வாரிசு யார் என்று கலாநிதி மாறனின் ‘தினகரன்’ கருத்துக்கணிப்பு வெளியிட்டது. அன்றே மதுரை அலுவலகத்துக்குத் தீ வைக்கப்பட்டு மூன்று ஊழியர்கள் மாண்டார்கள். நான்கே நாளில் முதலாளியின் தம்பியும் அதே கட்சிக்காரருமான தயாநிதி மாறன் மத்திய அமைச்சர் பதவியிலிருந்து விலகினார். பகை பெரிய இடத்தில். செத்தது சம்பளத்துக்கு வந்தவர்கள். உரிமையாளர் பெயரை எங்கோ ஒரு பக்கத்தின் அடியில், பூதக்கண்ணாடி வைத்துப் பார்க்கும்படி அச்சிடுகிறார்கள். அதை முதல் பக்கத்துக்குக் கொண்டுவாருங்கள். கட்சித் தொடர்பு இருந்தால் அதையும் சேர்த்தே போடுங்கள்.