கயிறு காணாத நாய்

நாய்களுக்கு விசர்த் தடுப்பூசி போடும் நாளில் குடாநாட்டு ஒழுங்கைகளில் காணும் காட்சி இது: என்றுமே கட்டிப் பழகாத நாயைத் தும்புக் கயிற்றால் இழுத்து வருகிறார்கள், அது வெருண்டு, பிடித்தவரையே கடிக்கிறது. அடுத்த வருடம் "இது சரிவராது" என்று வீட்டிலேயே விட்டுவிடுகிறோம். அறிகுறி தோன்றியபின் மனிதரையும் காப்பாற்ற முடியாத நோயல்லவா இது? நூற்றுக்கு 70 நாய்களுக்காவது ஊசி ஏற்றவேண்டும் என்கிறது உலக சுகாதார நிறுவனம்.

கன்றுக்குக் கயிறு பழக்கத் தெரிந்த எமக்கு நாயைப் பழக்கத் தோன்றுவதில்லை. குட்டியிலேயே கழுத்துப்பட்டி கட்டுங்கள். தினமும் காதையும் வாயையும் காலையும் தொட்டுப் பாருங்கள். பொறுத்து நின்றால் ஒரு மீன்துண்டு. ஊசி நாளில் மற்ற நாய்களோடு நெருங்கவிடாமல், முறை வரும்வரை வேலியோரம் நில்லுங்கள். கயிற்றைச் சிறுவர் கையில் கொடுக்காதீர்கள்.