தவறணை இடித்த கதை

போன கிழமை இரவு, கோப்பைகள் எல்லாம் கழுவி முடிந்து நிற்கும்போது கார்ல்டன் டவேர்ன் கதையை எடுத்தேன். கூட வேலை செய்யும் அண்ணைக்குச் சிரிப்பு. "உவங்களுக்கு வேற வேலையில்லை தம்பி. ஒரு தவறணையை இடிச்சதுக்கும் விசாரணையோ?"

அவர் சொன்ன தவறணைக்கும் வெள்ளைக்காரனின் டவேர்னுக்கும் சொல்லிலேயே உறவு இருக்கிறது. அதை விடுவோம். எங்கட சனத்தில் முக்கால்வாசிப்பேர் அண்ணையின் கட்சிதான். பப் என்றால் குடிகாரன் கடை, அவ்வளவுதான். இருபது வருடம் ஒரே தெருவில் இருப்பார்கள், மூலையில் நிற்கும் பப்பின் பெயர் தெரியாது.

கார்ல்டன் டவேர்ன் லண்டனில் கில்பேர்ன் பக்கம், கார்ல்டன் வேல் வீதியில் இருக்கிறது. முன்பு அங்கே நின்ற பப் 1918இல் ஜேர்மன் குண்டில் போனது. அதே இடத்தில் 1920-21இல் சாரிங்டன் பியர் கம்பனி புதிதாகக் கட்டியது. ஹிட்லரின் குண்டுகளுக்கும் அது தப்பியது. தப்பாமல் போனது வீட்டு மனை வியாபாரிகளிடம்தான். பத்து ஃபிளாட் கட்டக் கேட்டார்கள், 2015 ஜனவரியில் வெஸ்ட்மின்ஸ்டர் கவுன்சில் மறுத்தது. கட்டடத்தைப் பாதுகாப்புப் பட்டியலில் சேர்க்கும் அறிவிப்புக்கு இரண்டு நாள் இருக்கும்போது, ஏப்ரல் 8ஆம் திகதி, அனுமதி ஒன்றும் இல்லாமல் இயந்திரத்தைக் கொண்டுவந்து இடித்துப்போட்டார்கள்.

தண்டம் கட்டிவிட்டு ஃபிளாட் கட்டலாம் என்று நினைத்திருப்பார்கள். அயல்சனம் விடவில்லை. கவுன்சில் திருப்பிக் கட்டு என்றது. மேல்முறையீடு செய்தார்கள், பொது விசாரணை நடந்தது, 2016இல் அதிலும் தோற்றார்கள். இருந்தது இருந்தபடியே கட்டவேண்டும் என்பது கட்டளை. பட்டியலில் சேர்ப்பதற்காக வந்தவர்கள் முன்கூட்டியே எல்லாவற்றையும் பார்த்துப் பதிந்து வைத்திருந்ததால் "எப்படி இருந்தது என்று ஞாபகமில்லை" என்று தப்ப வழியில்லை. 2021 ஏப்ரலில் கதவு திறந்தது.

அண்ணை, இது குடிக்காக நடந்த சண்டையில்லை. பப் என்பது பப்ளிக் ஹவுஸ், பொதுவீடு. ஒரு அறையில் ஒரு குடும்பமே கிடந்த காலத்தில் கூலிக்காரனுக்கு நெருப்புக் காய, ஆளோடு ஆள் கதைக்க இருந்த விறாந்தை அது. குடிதான் வேண்டுமென்றால் சுப்பர்மார்க்கெட்டில் இதைவிட மலிவாக வாங்கலாமே.

அதற்காக அதைக் கோயிலாக்கவும் நான் தயாரில்லை. அந்தப் பொதுவீட்டில் 'பொது' எங்களைப்போன்ற நிறத்தவனைச் சேர்க்காத காலமும் இருந்தது. 1965 பெப்ரவரியில் மல்கம் எக்ஸ் ஸ்மெதிக்குக்குப் போனபோது, அங்கே பப்பின் நல்ல அறைக்குள் கறுப்பரும் இந்தியரும் போகமுடியாது. அந்த வருடச் சட்டம்தான் அதைத் தடைசெய்தது. பாரம்பரிய ஆங்கிலப் பப் என்று உருகுகிறவர்கள் இந்தப் பக்கத்தைக் கிழித்துவிட்டுத்தான் வாசிக்கிறார்கள். ஆனால் கதவை உடைத்து உள்ளே போனவர்கள் கட்டடத்தை இடிக்கச் சொல்லிக் கேட்கவில்லை. தங்களுக்கும் ஒரு கதிரை கேட்டார்கள்.

2017இலிருந்து இங்கிலாந்தில் பப்பை இடிக்கத் திட்ட அனுமதி கட்டாயம். அப்படியிருந்தும் 2023 ஓகஸ்டில் ஸ்டாஃபர்ட்ஷயரின் சரிந்த வீடு, 'குரூக்ட் ஹவுஸ்', விற்றுக் கொஞ்ச நாளில் எரிந்தது. இரண்டு நாளில் அனுமதியில்லாமல் இடித்தும் போட்டார்கள். 1765இல் கட்டியது, கீழே நிலக்கரி தோண்டியதால் சரிந்தது. அதையும் திருப்பிக் கட்டச்சொல்லி 2024 பெப்ரவரியில் கவுன்சில் உத்தரவு போட்டது. சட்டம் தாளில் கிடக்கும். அயலில் கண் வேண்டும்.

நாங்கள் வேலை செய்யும் உணவகமும் முந்தி ஒரு பப்தான். பியர் பீப்பா அடுக்கிய நிலவறையில் இப்போது அரிசி மூட்டை. செவ்வாய்க்கிழமைகளில் ஒரு வெள்ளைக்காரக் கிழவர் வந்து ஒரு சூப் மட்டும் குடிப்பார். கழிப்பறைக் கதவுக்குப் பக்கத்தில்தான் டார்ட் பலகை இருந்ததாம், கையால் காட்டினார். பழைய பெயர்ப்பலகை மூட்டைகளுக்குப் பின்னால் கிடக்கிறது. எறியச்சொல்லி முதலாளி மூன்றுதரம் சொல்லிவிட்டார். அண்ணையும் ஒரு பக்கம் பிடிக்கிறேன் என்று நிற்கிறார். நான் இன்னும் எறியவில்லை.