கிராம சபையில் நமது இடம் எது?

2020ஆம் ஆண்டு கடலூர் மாவட்டம் தெற்குத் திட்டை ஊராட்சியின் தலித் பெண் தலைவர், கூட்டத்தில் தரையில் அமர வைக்கப்பட்ட ஒளிப்படம் வெளியானது. மற்றவர்கள் நாற்காலிகளில் அமர்ந்திருந்தனர். தலைவருக்கே இந்நிலை எனில், சேரியிலிருந்து வரும் கூலித் தொழிலாளி கிராம சபையில் எழுந்து நின்று கணக்குக் கேட்பது எத்தனை கடினம்!

கிராமத்தை ஆட்சியின் அலகாக்குவதை அரசியல் நிர்ணய சபையில் அண்ணல் அம்பேத்கர் ஏன் எதிர்த்தார் என்பதை நாம் மறக்கலாகாது. 1993 ஏப்ரல் 24 அன்று நடைமுறைக்கு வந்த 73ஆவது அரசமைப்புத் திருத்தம் பட்டியல் சாதியினருக்கு இடஒதுக்கீட்டைக் கட்டாயமாக்கியது. அதற்குச் சாதி அளித்த பதில், 1997 ஜூன் 30 அன்று மேலவளவில் ஊராட்சித் தலைவர் முருகேசனும் தோழர்களும் படுகொலை செய்யப்பட்டதுதான். பாப்பாபட்டி, கீரிப்பட்டி, நாட்டார்மங்கலம், கொட்டக்கச்சியேந்தல் ஆகிய ஊர்களில் முறையான தேர்தலுக்கு 2006 வரை காத்திருக்க நேர்ந்தது.

இன்று ஒடுக்குமுறை நிர்வாக வடிவிலும் இயங்குகிறது. ஊராட்சிக் காசோலையில் தலைவரோடு துணைத் தலைவரும் கையொப்பமிட வேண்டும். தனித் தொகுதியில் துணைத் தலைவர் பதவி பெரும்பாலும் ஆதிக்கச் சாதியினரிடமே செல்கிறது. அவர் கையொப்பமிட மறுத்தால் தெருவிளக்கும் குடிநீரும் நின்றுபோகும். பழி தலித் தலைவர்மீது விழும்.

தேர்தலே நடக்காத காலமும் உண்டு. 2016இல் பதவிக்காலம் முடிந்தபின், ஊராட்சிகள் பல ஆண்டுகள் தனி அலுவலர்களின் கையில் இருந்தன. 2025 ஜனவரியில் 28 மாவட்டங்களில் அதே நிலை திரும்பியது. தேர்தல் இல்லையேல் இடஒதுக்கீடும் செயலற்றுப் போகிறது. ஆனால் கிராம சபைக்குப் பதவிக்காலம் கிடையாது. வாக்காளர் பட்டியலில் பெயருள்ள ஒவ்வொருவரும் அதன் உறுப்பினரே. சனவரி 26, மார்ச் 22, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2, நவம்பர் 1 ஆகிய ஆறு நாள்களும் நமக்குரியவை.

ஆகவே தனியாளாகச் செல்லாமல் திரளாகச் செல்வோம். வரவு செலவுக் கணக்கை வாசிக்கச் சொல்வோம். சுடுகாட்டுப் பாதை, வீட்டுமனைப் பட்டா, குடிநீர்த் தொட்டி ஆகியவற்றை எழுத்துமூலம் முன்வைப்போம். தீர்மானம் பதிவேட்டில் எழுதப்பட்டு வாசிக்கப்பட்ட பிறகே கையொப்பமிடுவோம். வெற்றுத் தாளில் இடும் கையொப்பம் நம் உரிமையை நாமே எழுதிக் கொடுப்பதாகும். கல்லூரி மாணவர்கள் அந்நாளில் ஊருக்குத் திரும்பிப் பதிவேட்டைப் படித்துக் காட்டினாலே, பலர் துணிந்து பேசுவர். அடுத்த கூட்டத்தைச் சேரியிலும் நடத்தக் கோருவோம். சபை எங்கே கூடுகிறது என்பதும் சாதிக் கேள்வியே.