வெளிச்சத்தில் எது அழகு? – பாலு மகேந்திராவும் நம் வகுப்பறைகளும்



"திரைப்படம் பிள்ளைகளைக் கெடுக்கிறது; தமிழையும் கெடுக்கிறது." ஆசிரியர் அறையிலும் பெற்றோர் ஆசிரியர் சங்கக் கூட்டத்திலும் இதைக் கேட்டுக் கேட்டுக் காது புளித்துவிட்டது. இவ்வாறு முழங்குவோரே, பள்ளிக் கலைநிகழ்ச்சி வந்துவிட்டால், புதுப்படப் பாட்டுக்கு இரண்டாம் ஆண்டுப் பிள்ளைகளை ஆடவிட்டு, முன்வரிசையில் அமர்ந்து கைதட்டுகின்றனர்! முன்வாசலைச் சாத்திவிட்டுக் கொல்லைப்புறத்தைத் திறந்து வைத்தால் மட்டமானதுதான் உள்ளே நுழையும். நல்லது வெளியிலேயே நிற்கும்.

அப்படி வெளியில் நிறுத்தப்பட்டவர்களுள் ஒருவர் ஒளிப்பதிவாளர் பாலு மகேந்திரா.

இலங்கையில் மட்டக்களப்பை அடுத்த அமிர்தகழியில் 1939இல் பிறந்தவர். புனே திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு பயின்றவர். 1974இல் வெளிவந்த 'நெல்லு' என்னும் மலையாளப் படத்தின்வழி அறிமுகமானார். தாமே இயக்கிய முதற்படமான கன்னடக் 'கோகிலா'வும் (1977), தமிழில் 'மூன்றாம் பிறை'யும் (1982) ஒளிப்பதிவுக்கான இந்திய தேசிய விருதை அவருக்குப் பெற்றுத் தந்தன. மகேந்திரனின் 'முள்ளும் மலரும்' (1978), கே. விசுவநாத்தின் 'சங்கராபரணம்' (1980) ஆகியவற்றுக்கும் ஒளிப்பதிவு செய்தவர் அவரே.

அவர் செய்த புதுமைதான் என்ன? பழைய அரங்கப் படப்பிடிப்பில் எல்லாப் பக்கமும் விளக்குகள் எரியும். நள்ளிரவுக் காட்சியிலும் நாயகியின் முகம் பளிச்சென்று மின்னும். பாலு மகேந்திராவோ இயன்றவரை இயற்கை ஒளியையே நம்பினார். சன்னல்வழி ஒளி வந்தால் முகத்தின் ஒரு பாதிதான் துலங்கும், மறுபாதி இருண்டிருக்கும். அந்த இருளை அவர் துடைத்தெறியவில்லை. 'மூன்றாம் பிறை'யில் உதகையின் பனிமூட்டம் நிழலின் ஓரங்களைக் கரைக்கிறது. அந்த மங்கலே கதையின் துயரமாகிறது. 'வீடு' (1988) படத்தில் பாடலே இல்லை. கட்டி முடியாத வீட்டைக் காணவரும் முதியவராகச் சொக்கலிங்க பாகவதர் நடித்தார். அந்தக் காட்சிக்கு அலங்காரம் எதற்கு?

இதற்கும் தமிழ்க் கல்விக்கும் என்ன தொடர்பு என்று கேட்பீர்கள். நம் மாணவர்களின் கட்டுரைகளைப் புரட்டிப் பாருங்கள். கதிரவன் தன் பொற்கதிர்களைப் பரப்பாத கட்டுரை உண்டா? மழைநாளிலும் அதே கதிரவன். மருத்துவமனையிலும் அதே பொற்கதிர்! இதனை மொழிவளம் என்று சொல்லிப் புள்ளியும் வழங்குகிறோம். இது மொழிவளமன்று, எல்லாப் பக்கமும் விளக்கெரியும் அரங்கம். தன் வீட்டுச் சமையலறைக்குள் காலையில் எந்தப் பக்கத்திலிருந்து வெயில் விழுகிறது என்று பார்த்திராத பிள்ளை, மனனம் செய்ததைத்தானே எழுதும்? சொல் வறுமைக்கு முன்னால் பார்வை வறுமை இருக்கிறது.

"மூன்றாம் பிறையில் சிறுவருக்கு ஒவ்வாத ஆட்டப்பாட்டும் உண்டே" என்பீர்கள். உண்மைதான். முழுப்படத்தையும் போட்டுக் காட்டச் சொல்லவில்லை. தேர்ந்தெடுத்த இரண்டு நிமிடக் காட்சி போதும். ஒலியை அடைத்துவிடுங்கள். ஒளி எங்கிருந்து வருகிறது? நேரம் காலையா, மாலையா? எது தெரிகிறது, எது மறைந்திருக்கிறது? இவற்றைக் கேட்டுவிட்டு, கண்டதை மட்டும் ஐந்து வாக்கியங்களில் எழுதச் சொல்லுங்கள். தேர்ந்தெடுக்கும் உழைப்புக்கு அஞ்சித்தான் பலர் ஒட்டுமொத்தமாக வெறுக்கிறார்களோ என்று ஐயுறுகிறேன்.

பெற்றோர்களுக்கு ஒரு சொல். அவர் இறுதியாக இயக்கிய 'தலைமுறைகள்' (2013), தமிழ் அறியாத பேரனுக்கும் கிராமத்துத் தாத்தாவுக்கும் இடையே மலரும் உறவைச் சொல்வது. தாத்தாவாக நடித்தவரும் பாலு மகேந்திராவே. 2014 பிப்ரவரி 13ஆம் நாள் அவர் மறைந்தார். பாட்டியிடம் பேசத் தமிழ் வராமல் விழிக்கும் பேரப்பிள்ளைகள் நம் வீடுகளிலும் இருக்கிறார்கள். அந்தப் படத்தை வீட்டில் எல்லாரும் ஒன்றாக அமர்ந்து பாருங்கள். பார்த்து முடித்தபின் கைப்பேசியைத் தேடாமல், பிள்ளைகளோடு அதைப் பற்றித் தமிழிலேயே பேசுங்கள்.

திரைப்படம் பிள்ளைகளைக் கெடுக்கிறது என்று புலம்புவது எளிது. எதைப் பார்ப்பது, எப்படிப் பார்ப்பது என்று கற்பிப்பதுதான் ஆசிரியப்பணி. அதைச் செய்யாமல் பழியை மட்டும் திரையின்மீது போடுவது அறமாகாது.

சிந்திப்போம், செயற்படுவோம்!