கரப்பான் ஒளியட்டும், நாம் ஒளிக்க வேண்டாம்!



நம் சுவர் இதழில் எல்லோரும் வைகை ஆறு, மரம் நடுதல், பிளாஸ்டிக் ஒழிப்பு என்று எழுதுகிறார்கள். நான் கரப்பான் பூச்சியைப் பற்றி எழுதுகிறேன். சிரிக்காதீங்க! எங்க வீட்ல ஒண்ணுகூட இல்லைன்னு நெஞ்சைத் தொட்டுச் சொல்ல எத்தனை பேரால முடியும்?

என் கருத்து இதுதான். கரப்பானை ஒரு வீட்டுக்காரர் மட்டும் தனியாக ஒழிக்க முடியாது. ஆனால், "எங்க வீட்ல கரப்பான் இருக்கு" என்று பக்கத்து வீட்டில் சொல்ல எல்லோருக்கும் வெட்கம். சொன்னால் சுத்தம் இல்லாத வீடு என்று பேர் வந்துருமாம்! இந்த வெட்கம்தான் கரப்பானுக்கு நாம் போடும் சோறு. 'கரத்தல்' என்றால் ஒளித்தல், மறைத்தல் என்று பொருள். பூச்சிக்குப் பொருத்தமான பெயர்தான். அது சுவரில் ஒளிகிறது, நாம் வாயில் ஒளிக்கிறோம்.

முதலில் எதிரியைத் தெரிஞ்சுக்கணும். நம் ஊர் வீடுகளில் முக்கியமாக இரண்டு வகை உண்டு. செம்பழுப்பாக, விரல் நீளத்துக்கு, இறக்கையோடு இருப்பது அமெரிக்கக் கரப்பான். பதினோராம் வகுப்பு விலங்கியலில் அண்ணன்மார் படிப்பது இதைத்தான். பெயர்தான் அமெரிக்கா, உண்மையில் ஆப்பிரிக்காவில் இருந்து கப்பல் ஏறி உலகம் முழுக்கப் பரவியது. சாக்கடை, மேன்ஹோல், அங்கணக்குழி, கிராமத்து வீடுகளில் விறகுக்கட்டைக்கு அடி, இவைதான் அதன் இருப்பிடம். ஐப்பசி, கார்த்திகையில் மழை கொட்டி சாக்கடையில் தண்ணீர் ஏறும்போது அது மேலே வருகிறது. நம் வீட்டைப் பிடித்து வரவில்லை, அதன் வீட்டில் வெள்ளம்!

இன்னொன்று சின்னது, அரை அங்குலம்தான். கழுத்துக்குப் பின்னால் இரண்டு கறுப்புக் கோடு இருக்கும். மிக்ஸிக்கு அடியில், ஃப்ரிட்ஜுக்குப் பின்னால், அலமாரிக் கதவின் கீலில் இருக்கும். இதுதான் ஜெர்மன் கரப்பான். 1767-ல் லின்னேயஸ் என்ற விஞ்ஞானி வைத்த பெயர் அது. ஆனால் 2024-ல் 17 நாடுகளிலிருந்து 281 கரப்பான்களைச் சேகரித்து மரபணுவை ஆராய்ந்து பார்த்தபோது, இது சுமார் 2,100 ஆண்டுகளுக்கு முன் இந்தியா அல்லது மியான்மர் பக்கம் ஓர் ஆசியக் கரப்பானிலிருந்து உருவானது என்று தெரிந்தது. மனிதன் பயிர் வைத்தான், வீடு கட்டினான், அதுவும் உள்ளே வந்துருச்சு. அதாவது நம்ம பக்கத்து ஆள்தான், பேர் மட்டும் ஜெர்மன்.

இந்தச் சின்னதுதான் பெரிய தொல்லை. பெண் பூச்சி 30 முதல் 40 முட்டை உள்ள ஒரு கூட்டை, பொரியும் நேரம் வரை வயிற்றின் முனையிலேயே சுமந்து திரியும். இரண்டு மூன்று மாதத்தில் குஞ்சுகளே வளர்ந்து முட்டை வைக்கத் தொடங்கிவிடும். ஒன்றைப் பார்த்துவிட்டு "ஒண்ணுதானே" என்று விட்டால் கணக்கு எங்கே போகும் என்று நம் கணக்கு வாத்தியாரிடம் கேட்டுப் பாருங்கள்.

அதன் குணங்களையும் தெரிஞ்சுக்கணும். அதற்கு வெளிச்சம் ஆகாது. உடம்பு இரண்டு பக்கமும் உரசிக்கொண்டு இருக்கும் இடுக்குதான் பிடிக்கும். பெரிய கரப்பானே 3 மில்லிமீட்டர் சந்தில் உடம்பைத் தட்டையாக்கி நுழைந்துவிடும். இரண்டு ஒரு ரூபாய்க் காசை அடுக்கினால் ஏறக்குறைய அந்த உயரம்தான் வரும்! வாலில் இருக்கும் இரண்டு கொம்புகளில் உள்ள மெல்லிய முடிகள் காற்று அசைவை உணர்கின்றன. நாம் செருப்பை ஓங்கும்போதே அந்தக் காற்று போய்ச் சொல்லிவிடும். அதனால்தான் அடி தரையில் விழுகிறது. அதன் எச்சத்தின் வாசனை மற்ற கரப்பான்களைக் கூப்பிடும். எனவே அலமாரி மூலையில் மிளகுத்தூள் மாதிரி கறுப்புப் புள்ளி தெரிந்தால் அது கரப்பான்களின் முகவரி. ஜெர்மன் கரப்பான் தண்ணீர் இருந்தால் சாப்பாடு இல்லாமலே ஒரு மாதம் வரை தாங்கும். தண்ணீரும் இல்லாவிட்டால் இரண்டு வாரம் தாங்காது. ஆகவே சோற்றுப் பருக்கையை விட, சொட்டும் குழாய்தான் பெரிய குற்றவாளி.

இப்போது மருந்துக்கு வருவோம். கடையில் ஸ்ப்ரே வாங்கி 'புஸ்ஸு'ன்னு அடிக்கிறோம். கண் முன்னால் நான்கு சாகிறது, நமக்கும் திருப்தி. சுவருக்குள் இருப்பவை அந்த மருந்தைத் தாங்க முடியாமல் அடுத்த சந்துக்குப் போகின்றன. அடுத்த சந்து யாருடையது? அடுத்த வீட்டுக்காரருடையது!

எங்கள் காம்பவுண்டில் நான்கு குடித்தனம். அங்கணம் எல்லாம் ஒரே சாக்கடையில் சேர்கிறது. ஒரு வீட்டில் மருந்தடித்தால் மறுநாள் அடுத்த வீட்டில் "எங்கிட்டுருந்து இம்புட்டு வந்துச்சு?" என்று சத்தம் கேட்கும். அவர்கள் அடித்தால் மறுபடி இங்கிட்டு வரும். கடைசி வீட்டு அக்காவின் பையனுக்கு மூன்று வயது, வீசிங் உண்டு. கரப்பானின் எச்சம், உதிர்ந்த தோல், எச்சில் எல்லாம் தூசியில் கலந்து ஆஸ்துமாவைக் கிளப்பும். 1997-ல் அமெரிக்க நகரங்களில் வெளியான ஓர் ஆய்வில், கரப்பான் ஒவ்வாமையும் படுக்கை அறையில் அதன் தூசியும் சேர்ந்து இருந்த ஆஸ்துமாக் குழந்தைகள் மற்றவர்களை விட மூன்று மடங்குக்கும் மேல் ஆஸ்பத்திரியில் சேர நேர்ந்தது என்று கண்டார்கள். சரி, மருந்தடிக்கலாம் என்றால் அந்தப் புகையும் அவனுக்கு ஆகாது. கரப்பான் இருந்தாலும் இழுப்பு, அடித்தாலும் இழுப்பு. அந்தப் பிள்ளை என்ன செய்வான்?

சாக்பீஸ் மருந்து இன்னும் மோசம். பார்க்க நாம் கரும்பலகையில் எழுதும் சாக்பீஸ் மாதிரியேதான் இருக்கும். ஆனால் அது பூச்சிக்கொல்லி. சின்னப் பிள்ளைகள் எடுத்து எழுதுவார்கள், வாயில் வைப்பார்கள். தம்பி தங்கை இருக்கிற வீட்டில் அது வேண்டவே வேண்டாம் என்பது என் உறுதியான கருத்து. அடுப்பு எரியும்போது ஸ்ப்ரே அடிப்பதும் கூடாது, குப்பென்று தீப்பிடிக்கும். பாச்சா உருண்டையை அங்கணத்தில் போடுகிறோமே, அது துணி அரிக்கும் அந்துப்பூச்சிக்கானது.

இன்னொரு செய்தி. ஒரே மருந்தைத் திரும்பத் திரும்ப அடித்தால், தப்பிப் பிழைத்தவற்றின் குஞ்சுகளுக்கு அந்த மருந்து உறைக்காது. 2019-ல் அமெரிக்காவின் பர்டூ பல்கலைக்கழகத்தார், ஒரே தலைமுறையில் ஜெர்மன் கரப்பானின் எதிர்ப்புச் சக்தி பல மடங்கு கூடியதைக் கண்டார்கள். இனிப்பு கலந்த விஷத்துக்குப் பயந்து இனிப்பையே வெறுக்கும் கரப்பான்களும் 1993-லேயே பதிவாகியிருக்கின்றன. குளுக்கோஸ் அவற்றுக்குக் கசக்குமாம்! நாம் டப்பாவை மாற்றுவதற்குள் அது நாக்கையே மாத்திக்கிருது.

அப்படியானால் என்ன செய்வது? எனக்குத் தெரிந்தவை:

1. ராத்திரி படுக்கும் முன் அங்கணத்தைத் துடைத்துக் காய விடுங்கள். சொட்டும் குழாய்க்கு வாஷர் மாற்றுங்கள். எச்சில் பாத்திரத்தை விடியும்வரை போட்டு வைக்காதீர்கள்.

2. குழாய் சுவருக்குள் போகும் இடம், கதவு நிலைச் சந்து, டைல்ஸ் விரிசல் எல்லாவற்றையும் வெள்ளை சிமெண்ட் வைத்து அடையுங்கள். சாக்கடை ஓட்டைக்கு சல்லடை மூடி போடுங்கள்.

3. கீழமாசி வீதி மொத்தக் கடையானாலும் சரி, தெருமுனைக் கடையானாலும் சரி, அங்கிருந்து வரும் அட்டைப்பெட்டி, சாக்கு, முட்டை அட்டை ஆகியவற்றை வீட்டுக்குள் சேர்த்து வைக்காதீர்கள். முட்டைக் கூடு அதில்தான் ஏறி வரும்.

4. மருந்து வேண்டும் என்றால் ஜெல் வாங்கி, பிள்ளைகள் கை படாத இடுக்கில் மிளகு அளவு வையுங்கள். தின்ற பூச்சி பொந்துக்குள் போய்ச் சாகும். அதன் எச்சத்தையும் உடம்பையும் தின்னும் மற்றவையும் சாகும். ஜெல் வைத்த இடத்தில் ஸ்ப்ரே அடித்தால் ஜெல் வீண்.

5. கேரம் போர்டுக்குப் போடும் போரிக் பவுடரும் வேலை செய்யும், ஆனால் மெதுவாக. ஃப்ரிட்ஜுக்குப் பின்னால் லேசாகத் தூவினால் போதும். அதுவும் விஷம்தான், சாப்பாட்டுப் பக்கம் வேண்டாம்.

6. மிக முக்கியமானது: இதையெல்லாம் காம்பவுண்டில் எல்லோரும் ஒரே நாளில் செய்யுங்கள்.

ஆறாவதுதான் கஷ்டம். ஐந்துக்கும் கடையில் சாமான் கிடைக்கும், ஆறாவதுக்குப் பேச வேண்டும். கொசுவைப் பாருங்கள். கொசு பரப்பும் நோய்களை ஆராய நம் மதுரையில் 1985-லேயே மத்திய அரசு ஓர் ஆராய்ச்சி மையம் தொடங்கியது. டெங்கு காலத்தில் தொட்டியை எட்டிப் பார்க்க வீடு வீடாக ஆட்கள் வருகிறார்கள். யாரும் வெட்கப்படுவதில்லை. "உங்க தொட்டியில புழு இருக்கும்மா" என்றால் கழுவிவிடுகிறோம். கரப்பானுக்கு மட்டும் ஏன் வாயை மூடிக்கொள்கிறோம்? சாக்கடை எல்லோருக்கும் பொது, சுவர் பொது, அப்புறம் கரப்பான் மட்டும் எப்படி ஒரு வீட்டின் மானப் பிரச்சினை ஆகும்? மேன்ஹோல் மூடி உடைந்திருந்தால் மாநகராட்சிக்கு மனுக் கொடுக்கவும் நாலு வீடு சேர்ந்தால்தான் பலம்.

சுத்தமான வீட்டுக்கும் கரப்பான் வரும். வந்ததில் அவமானம் இல்லை. மறைத்து வைத்து அடுத்த வீட்டுக்குத் தள்ளிவிடுவதுதான் அவமானம் என்று நான் நினைக்கிறேன்.

நண்பர்களே, நம் வகுப்பு டெஸ்க்கின் அடியையும் ஒரு தரம் குனிந்து பாருங்கள். முறுக்குத் தூளும் புளியோதரைப் பருக்கையும் அங்கே இருந்தால், வீட்டுக்குப் போய் அம்மாவுக்கு யோசனை சொல்லும் முன் அதைக் கூட்டிவிடுவோம். பிறகு இன்று சாயங்காலமே பக்கத்து வீட்டுக் கதவைத் தட்டி, "அத்தை, எங்க வீட்ல கரப்பான் இருக்கு, உங்க வீட்லயும் இருக்கா? ஞாயித்துக்கிழமை எல்லாரும் சேர்ந்து சுத்தம் பண்ணுவோமா?" என்று கேளுங்கள். அவர்களும் அதைச் சொல்ல ஆள் இல்லாமல்தான் இருப்பார்கள்.

— 9-ஆம் வகுப்பு 'ஆ' பிரிவு மாணவன்