கறுப்பு வெள்ளைக்கு யாரும் கோபப்படவில்லை

2017 நவம்பரில் யூடியூபில் வெளியான ‘லட்சுமி’ குறும்படத்துக்கு விழுந்த வசவு கொஞ்சநஞ்சமல்ல. நடித்த லட்சுமி பிரியா சந்திரமௌலியையும் விட்டுவைக்கவில்லை. கணவனும் பிள்ளையும் இருக்கிற ஒருத்தி, ரயிலில் பழகியவன் வீட்டில் ஓர் இரவு தங்கலாமா? கலாச்சாரம் என்னாவது?

சர்ஜுன் கே.எம். இயக்கிய படத்தின் சோதனை முயற்சி அந்த இரவில் இல்லை. அதற்கு முந்தைய பகல்களில் இருந்தது. எழுவது, சமைப்பது, டப்பா கட்டுவது, மின்சார ரயில், அச்சக வேலை, மறுபடி ரயில், மறுபடி அடுப்பு. இரவில் கணவன் நெருங்குவதும் அந்த வரிசையில் இன்னொரு வேலைதான். பேச்சு குறைவு, நிறமே கிடையாது. ரயிலில் பழகிய கதிரிடம் போனபிறகுதான் படத்துக்கு வண்ணம் வருகிறது.

சண்டை முழுக்க வண்ணத்தைப் பற்றியே நடந்தது. கறுப்பு வெள்ளைப் பாதியோடு மல்லுக்கு நின்றவர்கள் அபூர்வம். வீடு என்றால் அப்படித்தானே!

படத்துக்கு வெளியேயும் இதே வரிசைதான். சென்னை கடற்கரை–தாம்பரம் தடத்தில் 1931 முதல் மின்சார ரயில் ஓடுகிறது. மாலையில் பெண்கள் பெட்டியில் ஏறிப் பார்த்தால், மடியில் பையை விரித்துக் கீரை ஆய்கிறவர் இருப்பார், பூண்டு உரிக்கிறவரும் இருப்பார். குரோம்பேட்டை வருவதற்குள் ராத்திரிச் சமையலில் பாதி முடிந்துவிடும். உட்கார இடம் கிடைத்த அரை மணி நேரமும் அடுப்படிக்கே போகிறது. (அடுத்த பெட்டியில் ஆண்கள் கைப்பேசியில் கிரிக்கெட் பார்த்துக்கொண்டிருப்பார்கள்.)

இந்த வீட்டுச் சுழலைச் சினிமா முன்பே காட்டியிருக்கிறது. இயக்குநர்கள் மாயா டெரனும் அலெக்சாண்டர் ஹமித்தும் 1943இல் தங்கள் வீட்டிலேயே எடுத்த ‘மெஷஸ் ஆஃப் தி ஆஃப்டர்நூன்’ சுமார் 14 நிமிடப் படம். சாவி, கத்தி, மாடிப்படி என்று அதே பொருள்கள் திரும்பத் திரும்ப வர, புழங்கிய வீடே ஒருத்திக்கு அந்நியமாகிறது. அவளை எவனும் மீட்பதில்லை. ‘லட்சுமி’ சறுக்குவது இங்கேதான். அத்தனை நுணுக்கமாக அலுப்பைக் காட்டிவிட்டு, பாரதி கவிதை சொல்லும் ஓர் ஆணை மருந்தாக நீட்டுகிறது. பழைய சினிமாப் பழக்கம்!

‘லட்சுமி’யில் நடித்த அதே லட்சுமி பிரியா, வஸந்த் எஸ். சாயின் ‘சிவரஞ்சினியும் இன்னும் சில பெண்களும்’ படத்தில் கல்லூரி ஓட்டப்பந்தய வீராங்கனை. எழுத்தாளர் ஆதவன் கதையிலிருந்து வந்த பாத்திரம். கல்யாணத்துக்குப் பிறகு அவள் ஓடுவது, மகள் விட்டுப்போன சாப்பாட்டுப் பையோடு பள்ளி வாகனத்தைத் துரத்தி. இதில் கள்ளக்காதல் இல்லை, அதனால் வசவும் இல்லை. 68ஆவது தேசியத் திரைப்பட விருதுகளில் சிறந்த துணை நடிகை விருது இந்தப் படத்துக்காக அவருக்குக் கிடைத்தது.